‘வரமாட்டேன்’னு சொன்ன ஹல்க்குக்கு என்ன ஆச்சு?

இன்னைக்கு எபிசோட் முழுக்க ஒரே ஒரு ஆளைப் பத்திதான். பச்சை உடம்பு, கிழிஞ்ச பேன்ட், கோபம் வந்தா தெருவே காலி. ஆமா, ஹல்க்.

ஸ்பாய்லர் விஷயத்தை முதல்லயே சொல்லிடுறேன். 2008-ல் வந்த ‘தி இன்க்ரெடிபிள் ஹல்க்’ தொடங்கி 2025-ல் வந்த ‘கேப்டன் அமெரிக்கா: பிரேவ் நியூ வேர்ல்டு’ வரைக்கும், ஹல்க் கதை போகிற எல்லாப் படத்தோட முடிவும் இதுல வரும். பார்க்காதவங்க பார்த்துட்டு வாங்க. எபிசோட் எங்கேயும் ஓடிப்போகாது.

கேள்வி இதுதான். அவெஞ்சர்ஸ் டீம்ல உடல் பலம்னு எடுத்தா முதல்ல வர்ற பேரு ஹல்க். 2012-ல் லோகியைத் துணி துவைக்கிற மாதிரி தரையில அடிச்ச சீனை யாரும் மறந்திருக்க மாட்டீங்க. அதே ஹல்க் 2019-ல் வந்த ‘எண்ட்கேம்’ல கண்ணாடி மாட்டிக்கிட்டு, ஸ்வெட்டர் போட்டுக்கிட்டு, ஹோட்டல்ல முட்டை சாப்பிட்டுக்கிட்டு, குழந்தைங்களோட போட்டோவுக்குச் சிரிச்சுக்கிட்டு இருக்கான். இந்த ரெண்டுக்கும் நடுவுல என்ன நடந்துச்சு?

ரசிகர்கள் வழக்கமா சொல்ற பதில், “ஹல்க்கை நெர்ஃப் பண்ணிட்டாங்க, காமெடி பீஸ் ஆக்கிட்டாங்க.” எனக்கு அதுல முழு உடன்பாடு கிடையாது. பலசாலி அடி வாங்குறது ஒண்ணும் தப்பில்ல. நல்ல கதைகள் பெரும்பாலும் அங்கதான் தொடங்கும். ஹல்க் காமெடி பண்றதும் தப்பில்ல, ‘ரக்னராக்’ல நல்லாவே பண்ணான். என் வருத்தம் வேற. இத்தனை படத்துல ஹல்க் தன் இஷ்டத்துக்குத் தெளிவா ஒரு வார்த்தை சொன்னான்: “வரமாட்டேன்”. ஏன்னு அவன்கிட்ட படம் கேட்கவே இல்ல. கேட்காமலேயே அவனைச் சரி பண்ணிட்டாங்க.

இன்னொண்ணு கவனிச்சீங்களா? நான் இதுவரைக்கும் ஹல்க்கை ‘அவன்’னுதான் சொல்லிக்கிட்டிருக்கேன். ஆனா புரூஸ் பேனர்னு வந்தா வாய் தானா ‘அவர்’னு சொல்லும். பேனர் படிச்சவர், விஞ்ஞானி, டாக்டர். ஹல்க் யாரு? அவன். இதை மனசுல வெச்சுக்கங்க, பின்னாடி தேவைப்படும்.

ஒரு உடம்பு, ரெண்டு பேர்

ஹல்க் முதல்ல வந்தது 1962 மே மாச காமிக்ஸ்ல. உருவாக்கினவங்க ஸ்டான் லீயும் ஜாக் கிர்பியும். காமா குண்டு சோதனை நடக்கிற இடத்துக்குள்ள ஒரு பையன் வந்துடுறான், அவனைக் காப்பாத்தப் போய் பேனர் கதிர்வீச்சுல மாட்டிக்கிறார். முதல் இதழ்ல ஹல்க்கோட கலர் பச்சை இல்ல, சாம்பல். அச்சுல அந்தச் சாம்பல் ஒரே மாதிரி வரலன்னு அடுத்த இதழ்ல பச்சைக்கு மாத்தினாங்க. கோபம் வந்தா மாறுவார்ங்கிறதும் அப்போ கிடையாது, ராத்திரி ஆனா மாறுவார். ஆறே இதழ்ல அந்தப் புத்தகத்தை நிறுத்திட்டாங்க. அதாவது இந்த கேரக்டரை வெச்சுக்கிட்டு என்ன பண்றதுங்கிற குழப்பம் இன்னைக்கு வந்தது இல்ல, முதல் வருஷத்துலயே இருந்திருக்கு.

கொஞ்சம் கொஞ்சமா கோபம்தான் சாவின்னு ஆச்சு. 1977-ல் டிவிக்கு வந்தப்போ பேனரா பில் பிக்ஸ்பி நடிச்சார், ஹல்க்கா பாடிபில்டர் லூ ஃபெரிக்னோ நடிச்சார். ரெண்டு நடிகர்கள், ரெண்டு உடம்பு. அந்தத் தொடர்ல ஹல்க் பேசவே மாட்டான். 1982 வரைக்கும் ஓடுச்சு.

மார்வெல் ஸ்டூடியோஸ் படங்கள்ல 2008-ல் எட்வர்ட் நார்ட்டன் பேனரா வந்தார். 2012-ல் இருந்து மார்க் ரஃபலோ. அந்த முதல் ‘அவெஞ்சர்ஸ்’ல பேனர் கொல்கத்தாவுல ஒளிஞ்சு வாழ்ந்துக்கிட்டு ஏழைங்களுக்கு வைத்தியம் பார்ப்பார். ஒரு சீன்ல தன் டீம்கிட்ட ரொம்பச் சாதாரணமா ஒரு விஷயம் சொல்வார். வாழ்க்கை வெறுத்துப்போய் ஒருமுறை தன்னைச் சுட்டுக்கப் பார்த்தாராம். உள்ள இருக்கிறவன் தோட்டாவைத் துப்பிட்டானாம்.

அந்த டயலாக்கைக் கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. பேனர் பார்வையில ஹல்க் ஒரு நோய், ஒரு சாபம். ஆனா அந்தச் சம்பவத்துல பேனரைக் காப்பாத்தினது யாரு? அந்த நோய்தான். பேனர் செத்துப்போகணும்னு நினைச்ச நேரத்துல, இவரு வாழணும்னு நினைச்ச ஒரே ஆள் ஹல்க். இந்த உறவை வெச்சு ஒரு முழுப் படமே எடுக்கலாம். எடுக்கல. ஆனா விதை போட்டது அங்கதான்.

2015, ‘ஏஜ் ஆஃப் அல்ட்ரான்’. வாண்டா மனசைக் குழப்பிவிட, ஹல்க் ஜோஹனஸ்பர்க்ல தாறுமாறா அடிச்சு நொறுக்குறான். டோனி ஸ்டார்க் ஹல்க்பஸ்டர் கவசத்தோட வந்து அடக்குறார். படம் முடியுறப்போ ஹல்க் ஜெட்ல ஏறி, நடாஷா பேசிக்கிட்டிருக்கும்போதே ஸ்க்ரீனை ஆஃப் பண்ணிட்டுக் கிளம்பிடுறான். சண்டை போடல, கத்தல. லைனைக் கட் பண்ணிட்டுப் போயிட்டான்.

2017, ‘தோர்: ரக்னராக்’. சகார் கிரகத்துல ரெண்டு வருஷமா ஹல்க் ஹல்க்காவே இருக்கான். அரங்கத்துல சாம்பியன், ஊரே பேரைச் சொல்லிக் கத்துது. தோர் பூமிக்குக் கூப்பிட்டா, பூமிக்கு ஹல்க்கைப் பிடிக்காதுன்னு குழந்தை மாதிரி மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்கிறான். அந்தப் படத்துல தோர் ஒரு வேலை பண்ணுவார். ஹல்க்கிட்ட பேசுறப்போ, எனக்கு பேனரைவிட உன்னைத்தான் பிடிக்கும்பார். பேனரா மாறினதும் அவர்கிட்ட, எனக்கு உன்னைத்தான் பிடிக்கும்பார். பேனருக்கே புரிஞ்சுடும். ஹல்க் வேணும்கிறதுக்காக என்கிட்ட நடிக்கிறேன்னு நேராவே சொல்லிடுவார். காமெடி சீன்தான், நாமளும் சிரிச்சோம். ஆனா ஹல்க்கோட மொத்தப் பிரச்னையும் அதுக்குள்ள இருக்கு. எல்லாருக்கும் அவன் வேணும், சண்டைக்கு மட்டும்.

அஞ்சு நிமிஷத் தோல்வி

2018, ‘இன்ஃபினிட்டி வார்’. படம் தொடங்கின கொஞ்ச நேரத்துலயே ஹல்க் தானோஸ் மேல பாயுறான். தானோஸ் கல்லோட சக்தியைக்கூடப் பெருசா எடுக்கல, வெறும் கையாலயே நிதானமா அடிச்சுச் சாய்ச்சுடுறான். சாகுற நேரத்துல ஹெய்ம்டால் ஹல்க்கைப் பூமிக்கு அனுப்பிடுறார். நியூயார்க்ல வந்து விழும்போது அது பேனர்.

அதுக்கப்புறம் எத்தனை தடவை கூப்பிட்டாலும் ஹல்க் வரமாட்டேங்கிறான். நியூயார்க் தெருவுல டோனி முன்னாடி பேனர் முக்கி முக்கிப் பார்க்கிறார், கழுத்துல லேசாப் பச்சை ஏறி இறங்குது, அவ்வளவுதான். வகாண்டாவுல சாவு நெருங்குற நிலைமையில கூப்பிடுறார். ஒரு நொடி ஹல்க்கோட முகம் வெளிய வந்து “நோ”ன்னு கத்திட்டு உள்ள போயிடுது.

நிறைய பேர் இதைப் பயம்னு எடுத்துக்கிட்டாங்க. எனக்கு அப்படித் தோணல. பயந்தவன் அப்படிக் கத்தமாட்டான். படம் வந்த பிறகு இயக்குநர்கள் ரூஸோ சகோதரர்களும் வெறும் பயம் இல்லன்னுதான் விளக்கம் சொன்னாங்க. பேனர் தன்னைச் சண்டைக்கு மட்டும்தான் கூப்பிடுறார்ங்கிற சலிப்பு அதுல இருக்குன்னாங்க. அப்படிப் பார்த்தா, அது பத்து வருஷக் கதையோட உச்சம். ஆபத்து வந்தா கூப்பிடுறது, முடிஞ்சதும் உள்ள தள்ளிப் பூட்டுறது, வெளிய வந்து உடைச்சதுக்கெல்லாம் அவனையே குறை சொல்றது. கடைசியா ஒருநாள் அவன் ‘போதும்’கிறான்.

எவ்வளவு பெரிய செட்டப் பாருங்க. அடுத்த படத்துல பேனர் உட்கார்ந்து அவன்கிட்ட பேசியே ஆகணும். வேற வழியே இல்ல.

பதினெட்டு மாசம், ஒரு டயலாக்

‘எண்ட்கேம்’. அஞ்சு வருஷம் கழிச்சுன்னு போடுறாங்க. ஸ்டீவ், நடாஷா, ஸ்காட் மூணு பேரும் ஒரு ஹோட்டல்ல உட்கார்ந்திருக்காங்க. எதிர்ல ஹல்க் உடம்பு, பேனர் குரல். என்ன ஆச்சுன்னு பேனரே விளக்குறார்: இத்தனை வருஷமா ஹல்க்கை நோயா பார்த்தேன், அப்புறம் மருந்தா பார்க்க ஆரம்பிச்சேன், காமா லேப்ல பதினெட்டு மாசம், மூளையையும் உடம்பையும் ஒண்ணா சேர்த்தாச்சு. ரெண்டு நிமிஷத்துக்குள்ள முடிஞ்சுடுது. அப்புறம் குழந்தைங்க போட்டோ கேட்டு வந்துடுறாங்க.

நம்ம ஃபீல்டுல இருக்கிறவங்களுக்கு இது பழக்கமான காட்சி. பல வருஷமா சிஸ்டத்துல ஒரு பெரிய பக் இருக்கும். ஒருநாள் காலையில வந்து பார்த்தா டிக்கெட் க்ளோஸ் ஆகியிருக்கும். கமிட் மெசேஜ்ல ‘ஃபிக்ஸ்டு’ன்னு ஒரே வார்த்தை. மூல காரணம்னு இருக்கிற இடம் காலி. டாஷ்போர்டு பூரா பச்சை. பிரச்னை தீர்ந்துச்சா, இல்ல அலர்ட்டை மியூட் பண்ணிட்டாங்களா? யாருக்கும் தெரியாது.

இங்க அலர்ட்டைத்தான் மியூட் பண்ணியிருக்காங்கன்னு நான் நினைக்கிறேன். அதுக்கு ஆதாரம் அதே படத்துலயே இருக்கு. 2012 நியூயார்க்குக்குப் போய் காலக் கல்லைக் கேட்கும்போது, ஏன்ஷியன்ட் ஒன் பேனரோட நெஞ்சுல ஒரு தட்டு தட்டி ஆன்மாவை உடம்புக்கு வெளிய தள்ளுவாங்க. ஹல்க் உடம்பு மயங்கி விழும். வெளிய வந்து மிதக்கிற ஆன்மா யாரு? பேனர். சாதாரண மனுஷ உருவத்துல, பேனர் மட்டும். ரெண்டு பேரும் சேர்ந்தாச்சுன்னா அங்க இன்னொருத்தன் எங்க?

இப்ப அந்த அவன், அவர் விஷயத்துக்கு வரலாம். ஸ்மார்ட் ஹல்க்கை நீங்க எப்படிச் சொல்வீங்க? சத்தமாச் சொல்லிப் பாருங்க. ‘ஸ்மார்ட் ஹல்க் வந்தார், சொன்னார், ஸ்னாப் பண்ணார்.’ நம்ம வாய்க்கே தெரிஞ்சிருக்கு, அது பேனர். உடம்பு மட்டும்தான் ஹல்க்கோடது. அந்த ‘அவன்’ காணாமப் போயிட்டான். ரெண்டு பேர் சமாதானம் ஆனாங்கன்னு சொல்றாங்க. எனக்கு என்னவோ ஒருத்தர் இன்னொருத்தன் வீட்டுல குடியேறின மாதிரிதான் தெரியுது.

ஏன் இப்படி ஆச்சு?

இதுக்கு யாரையும் வில்லன் ஆக்க வேண்டியதில்ல. மூணு காரணம் இருக்கு, மூணும் புரிஞ்சுக்கக் கூடியதுதான்.

முதல் காரணம், பலம். பல ஹீரோ சேர்ந்து நடிக்கிற படத்துல ரொம்பப் பலசாலியா இருக்கிற ஆள் எழுத்தாளருக்குத் தலைவலி. அவர் வந்துட்டா சண்டை முடிஞ்சுடும், முடியலன்னா அவர் மரியாதை போயிடும். அதனால பலம் கூடக்கூட ஸ்கிரிப்ட்ல லீவும் கூடும். ‘இன்ஃபினிட்டி வார்’ல விஷன் முதல் சண்டையிலேயே குத்து வாங்கிப் பாதிப் படம் நோயாளி. தோர் புது ஆயுதம் செய்ய எங்கேயோ போயிடுறார். ‘எண்ட்கேம்’ல கேப்டன் மார்வெலுக்கு மத்த கிரகங்கள்ல டியூட்டி. கடைசிச் சண்டையில டாக்டர் ஸ்ட்ரேஞ்சைப் பாருங்க, வெள்ளம் உள்ள வராம தடுத்துக்கிட்டு நிப்பார். ஹல்க்குக்குக் கிடைச்ச லீவு ‘வரமாட்டேன்’. ஒரு பெரிய உணர்ச்சியைக் கதையோட வசதிக்காகப் பயன்படுத்திக்கிட்டாங்க.

ரெண்டாவது, உரிமை. 2008 படத்தை வெளியிட்டது யுனிவர்சல். ஹல்க் பேர்ல தனிப் படம் எடுத்தா அதை விநியோகம் பண்ற உரிமை அவங்ககிட்ட பல வருஷம் இருந்துச்சு. மத்தவங்க படத்துல ஹல்க்கை வெச்சுக்கலாம், அவனுக்குன்னு படம் எடுக்கிறதுதான் சிக்கல். அதனால 2008-க்கு அப்புறம் அவனுக்குத் தனிப் படமே வரல. ரஃபலோவே பேட்டிகள்ல சொல்லியிருக்கார்: தனிப் படம் இருந்தா என்ன பண்ணுவீங்கன்னு தயாரிப்பாளர் கெவின் ஃபைகி கேட்டாராம். இவர் சொன்னதைக் கேட்டுட்டு, அதை ‘ரக்னராக்’ தொடங்கி ரெண்டு அவெஞ்சர்ஸ் படம் வரைக்கும் மூணு படத்துல பிரிச்சு வெச்சுடலாம்னு முடிவாச்சாம். அதாவது ஹல்க்கோட கதை எப்பவும் இன்னொருத்தர் வீட்டுத் திண்ணையிலதான் நடந்துச்சு.

மூணாவது, எடிட்டிங். இதுதான் எனக்கு ரொம்ப வலிக்கிற காரணம். 2017 நவம்பர்ல வந்த ‘இன்ஃபினிட்டி வார்’ ட்ரெய்லரை எடுத்துப் பாருங்க. வகாண்டாவுல எல்லாரோடயும் சேர்ந்து ஹல்க் ஓடி வருவான். படத்துல அந்த ஷாட்டே கிடையாது. திரைக்கதை எழுதின மார்க்கஸும் மெக்ஃபீலியும் பின்னாடி விளக்கினாங்க. பேனரும் ஹல்க்கும் சமாதானம் ஆகி ஸ்மார்ட் ஹல்க் வெளிய வர்றது முதல்ல ‘இன்ஃபினிட்டி வார்’லயே, வகாண்டா சண்டையிலேயே இருந்ததாம். எல்லாரும் தோத்துக்கிட்டிருக்கிற நேரத்துல இவர் மட்டும் ஜெயிக்கிறது படத்தோட போக்குக்கு ஒட்டலன்னு தூக்கிட்டாங்க. ஹல்க்பஸ்டரை உடைச்சுக்கிட்டு ஹல்க் வெளிய வர்ற ஃபன்கோ பொம்மைகூட கடைக்கு வந்துடுச்சு. சீன் மட்டும் வரல.

வெட்டினது சரியான முடிவா? ‘இன்ஃபினிட்டி வார்’ங்கிற படத்துக்குச் சரி. அந்தப் படத்தோட கனமே எல்லாரும் தோக்குறதுலதான் இருக்கு. ஆனா வெட்டின இடத்துல போட்ட தையல்தான் அந்த ஹோட்டல் டயலாக். காட்ட வேண்டியதை வாயால சொல்ல வேண்டியதாச்சு.

காமிக்ஸ்ல இதே விஷயம்

“ஸ்மார்ட் ஹல்க் காமிக்ஸ்லயே இருக்கே”ன்னு ஒருத்தர் கேட்பீங்க. இருக்கு. 1991-ல், ‘தி இன்க்ரெடிபிள் ஹல்க்’ 377-வது இதழ். எழுதினவர் பீட்டர் டேவிட், வரைஞ்சவர் டேல் கியோன். அங்க எப்படி நடந்துச்சுன்னு பார்த்தா வித்தியாசம் புரியும்.

அதுக்கு முன்னாடியே, 1985-ல், பில் மான்ட்லோ எழுதின இதழ் ஒண்ணு பேனரோட சின்ன வயசுக்குப் போச்சு. அப்பா பிரையன் பேனர் வீட்டுல அடிக்கிறவர். பையனை ராட்சசன்னு நினைக்கிறவர். அம்மாவைக் கொன்னதும் அவர்தான். அப்போ ஹல்க்கோட கோபம் காமா குண்டுல இருந்து வந்தது இல்ல. குண்டு கதவைத் திறந்துச்சு, அவ்வளவுதான். உள்ள ஏற்கனவே ஒரு குழந்தை பயந்துபோய், கத்த முடியாம உட்கார்ந்திருந்துச்சு.

377-ல் டாக் சாம்சன்ங்கிற மனநல மருத்துவர் பேனரை ஹிப்னாஸிஸ்ல கொண்டுபோறார். பேனர், பச்சை ஹல்க், சாம்பல் ஹல்க் மூணு பேரும் அதே பழைய வீட்டு நினைவுக்குள்ள போய், அந்த அப்பாவை நேருக்கு நேர் பார்க்கிறாங்க. அழுகை, சண்டை, அதுக்கப்புறம்தான் ஒண்ணு சேர்றாங்க. 1962-ல தொடங்கின கதைக்கு அந்த இடம் வர 29 வருஷம் ஆச்சு. இதுல இன்னொரு திருப்பமும் இருக்கு. அந்தச் சேர்க்கையும் முழுசானது இல்ல, புத்திசாலி ஹல்க்கும் உள்ள இருக்கிற இன்னொரு முகம்தான்னு பின்னாடி வந்த கதைகள்ல சொன்னாங்க. காமிக்ஸே அந்த டிக்கெட்டை மறுபடி ஓபன் பண்ணுச்சு.

2003-ல் ஆங் லீ இயக்கின ‘ஹல்க்’ படத்துலயும் அப்பாதான் மையம். படம் நிறைய பேருக்குப் பிடிக்கல, மெதுவா போகும், நானும் ஒத்துக்கிறேன். ஆனா கோபம் எங்க இருந்து வருதுன்னு கேட்கிற தைரியம் அதுக்கு இருந்துச்சு. ரஃபலோ நடிச்ச படங்கள்ல அந்த அப்பா ஒரு கதையாவே வரல.

நியாயமும் பேசணும்

‘எண்ட்கேம்’ ஹல்க்குக்கு ஒண்ணுமே பண்ணலன்னு சொன்னா அது அநியாயம். ரெண்டு இடம் எனக்குப் பிடிக்கும்.

ஒண்ணு, ஸ்னாப். கையுறையை யார் போடுறதுன்னு வரும்போது, இதுல இருந்து வர்றது பெரும்பாலும் காமா கதிர்வீச்சு, நான் இதுக்காகவே பொறந்த மாதிரின்னு பேனர் முன்னாடி வருவார். கை கருகுது, வலியில துடிக்கிறார், ஆனா போன பாதி உலகமும் திரும்பி வருது. ஹல்க்கோட பலம்னா அடிக்கிறதுன்னு நினைச்ச நமக்கு, தாங்குறதும் பலம்தான்னு காட்டின சீன். அதுக்கப்புறம் கட்டடம் இடிஞ்சு விழும்போதும் ராக்கெட், ரோடி மேல விழாம முதுகால தாங்கிக்கிட்டு நிப்பார்.

ரெண்டாவது, நடாஷா இறந்த செய்தி வர்ற சீன். ஏரிக்கரையில எல்லாரும் நிக்கிறாங்க. அவர் பக்கத்துல இருந்த பெஞ்சைத் தூக்கி ஏரிக்கு அந்தப் பக்கம் வீசுறார். அந்த ஒரு நொடி மட்டும் எனக்கு ‘அவன்’ தெரிஞ்சான். பிறகு படத்தோட கடைசியில ஸ்டீவ்கிட்ட மெதுவாச் சொல்றார்: கையுறை கையில இருந்தப்போ அவளையும் கொண்டுவர முயற்சி பண்ணேன்னு. அந்தத் துக்கத்துக்குப் படம் ஒதுக்கின நேரம் அவ்வளவுதான்.

2022-ல் ‘ஷீ-ஹல்க்’ தொடர் வந்துச்சு. பேனரோட தங்கச்சி முறை ஜெனிஃபர் வால்டர்ஸ், வக்கீல். முதல் எபிசோட்லயே பேனர் அவளுக்குக் கோபத்தை அடக்குறது எப்படின்னு கிளாஸ் எடுப்பார். அவ சொல்ற பதில்தான் முக்கியம். தெருவுல கேலி பண்ணும்போது, தனக்குத் தெரிஞ்ச வேலையைத் தெரியாத ஆம்பளைங்க வந்து சொல்லிக்கொடுக்கும்போது, தினம் தினம் நான் கோபத்தை அடக்கிக்கிட்டுத்தான் இருக்கேன், இதுல உன்னைவிட எனக்கு அனுபவம் அதிகம்பா. அந்தத் தொடரைப் பத்தி ஆயிரம் குறை சொல்லலாம். ஆனா ‘எண்ட்கேம்’ தாண்டிக் குதிச்ச கேள்வியை அது கையில எடுத்துச்சு. கோபம்னா என்ன, யாருக்கு அதைக் காட்ட அனுமதி இருக்கு, யாருக்கு இல்ல.

அப்புறம் 2025, ‘பிரேவ் நியூ வேர்ல்டு’. இது எனக்கு ரொம்ப வினோதமா இருந்துச்சு. 2008 படத்துல பேனரைத் துரத்தித் துரத்தி வேட்டையாடின ஜெனரல் ராஸ், இப்போ அமெரிக்க ஜனாதிபதி. நடிச்சவர் ஹாரிசன் ஃபோர்டு. அதே படத்துல வந்த விஞ்ஞானி ஸ்டெர்ன்ஸ் திரும்பி வர்றார். பேனரோட காதலி பெட்டி ராஸா லிவ் டைலரும் வர்றாங்க. கிட்டத்தட்ட 17 வருஷம் கழிச்சு வந்த ஹல்க் பட சீக்வல் அது. ஹல்க் மட்டும் இல்ல.

கோபம் வந்து சிவப்பு ஹல்க்கா மாறுறது ராஸ். கடைசியில அவரை நிறுத்துறது எது? அடிதடி நிறையவே நடக்குது, ஆனா முடிவுல வாஷிங்டன்ல பூத்து நிக்கிற செர்ரி மரங்கள் நடுவுல, சாம் வில்சன் அவர்கிட்ட மகளைப் பத்திப் பேசுறார். பேச்சுல இறங்கி மனுஷனா மாறுறார். கோபத்தோட உட்கார்ந்து பேசலாம்ங்கிறது அந்த உலகத்துக்குத் தெரிஞ்சுதான் இருக்கு. ஹல்க்கை வேட்டையாடினவருக்கு அந்தப் பேச்சு கிடைச்சுது. ஹல்க்குக்குக் கிடைக்கல.

இதுல நமக்கு என்ன?

கற்பனை கேரக்டர், இதுக்கு இவ்வளவு நேரமான்னு கேட்கலாம். எனக்கு இது முக்கியமாப் படுறதுக்குக் காரணம் இருக்கு. சின்ன வயசுல கோபத்தைப் பத்தி நமக்குக் கிடைச்ச பெரிய கதை ஹல்க்தான். அந்தக் கதை பத்து வருஷம் சரியாத்தான் போச்சு. உள்ள ஒருத்தன் இருக்கான், அவனை வெறுத்தா வேலைக்கு ஆகாது, வேலைக்கு மட்டும் கூப்பிட்டா ஒருநாள் வரமாட்டான். எல்லாம் சரி. அடுத்து ‘அப்போ அவன்கிட்ட என்ன பேசணும்?’ங்கிற பக்கம் வந்தப்போ, அந்தப் பக்கத்தைக் கிழிச்சுட்டு, கண்ணாடி போட்ட, எல்லாருக்கும் பிடிச்ச, போட்டோவுக்குச் சிரிக்கிற ஆளைக் காட்டி, இவர்தான் குணமானவர்னு சொல்லிட்டாங்க.

நம்மள்ல நிறைய பேர் அந்த ஸ்மார்ட் ஹல்க் வேஷத்துலதான் வேலைக்குப் போறோம். மீட்டிங்ல சிரிச்ச முகம், ‘ஷ்யூர், பார்த்துக்கலாம்’னு பதில். உள்ள ஒருத்தன் ‘முடியாது’ன்னு கத்துறது வெளிய கேட்காது. வெளிய கேட்காத வரைக்கும் எல்லாரும் நம்மளை ரொம்ப மெச்சூர்னு சொல்வாங்க. கோபம் வந்தா எல்லாத்தையும் உடைச்சுடுங்கன்னு நான் சொல்லல. உடைக்கிற ஹல்க்கால ஜோஹனஸ்பர்க்ல என்ன ஆச்சுன்னு பார்த்தோம். ஆனா உள்ள இருந்து ஒரு ‘நோ’ வந்தா, அதை அடக்குறதுக்கு முன்னாடி, ஏன்னு ஒரு தடவை கேட்கலாம். யாரோ எங்கேயோ உங்களைச் சண்டைக்கு மட்டும் கூப்பிட்டுக்கிட்டிருக்கலாம். கூப்பிடுறது நீங்களாவே கூட இருக்கலாம்.

ஹல்க் அடுத்து எந்தப் படத்துல எப்படி வந்தாலும் எனக்கு ஒரே ஒரு சீன் போதும். தானோஸ் மாதிரி வில்லன் வேண்டாம், உலகம் அழிய வேண்டாம். ஒரு ரூம்ல ரெண்டு நாற்காலி. ஒண்ணுல பேனர், இன்னொண்ணுல ஹல்க். ‘அன்னைக்கு ஏன் வரல?’ன்னு பேனர் கேட்கணும். கேட்டுட்டு வாயை மூடிக்கிட்டு உட்காரணும். அவன் பேசி முடிக்கிற வரைக்கும்.

சரி மக்களே, இந்த வாரம் ஒரு வேலை. ‘இன்ஃபினிட்டி வார்’ல வகாண்டா சண்டையில அந்த “நோ” வர்ற இடத்தை ஒரு தடவை போட்டுப் பாருங்க. உடனே ‘எண்ட்கேம்’ல ஏன்ஷியன்ட் ஒன் மொட்டை மாடியில பேனரோட ஆன்மாவை வெளிய தள்ளுற இடத்தையும் பாருங்க. ரெண்டும் சேர்ந்து சில நிமிஷம்தான். பார்த்துட்டு, உங்களுக்கு ஹல்க் எங்க போனான்னு தோணுதுன்னு எழுதி அனுப்புங்க. அடுத்த எபிசோட்ல படிக்கிறேன்.